நம் ஊர்ச் சொல்லுக்கு ஓர் அகராதி

(முன்னாள் மாணவர் சந்திப்பில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



செயலாளர் தம்பி என்னிடம், "அண்ணே, கொஞ்ச நேரம் பேசுங்க, பழைய நினைவுகளைச் சொல்லுங்க" என்றார். பழைய நினைவு சொல்ல என்னைவிடக் கெட்டிக்காரர்கள் இங்கே இருக்கிறார்கள். விடுதிச் சாம்பாரைப் பற்றி மட்டுமே அரைமணி பேசக் கூடியவர் மூன்றாம் வரிசையில் உட்கார்ந்திருக்கிறார். ஆகவே வேறு ஒரு விஷயம் பேச அனுமதி கேட்டுக் கொண்டேன். நாம் வீட்டில், காட்டில், தறியில் பேசுகிற பேச்சைப் பற்றி. அதற்கு ஒரு அகராதி வேண்டும் என்பதைப் பற்றி.

என் ஊர் எம்.ரெட்டியபட்டி. அருப்புக்கோட்டை, திருச்சுழிப் பக்கத்து வானம் பார்த்த பூமி. 1974 முதல் 1977 வரை இந்தக் கல்லூரியில் வேதியியல் படித்தேன். பிறகு ஒரு வங்கியில் சேர்ந்து, வேலையின் பெரும்பகுதியைக் கிராமக் கிளைகளிலேயே கழித்தேன். கடன் படிவம் நிரப்புகிற வேலை. சொல்லுக்கு என்ன விலை என்பதை நான் இலக்கியத்தில் படிக்கவில்லை, கடன் படிவத்தில் படித்தேன்.

1980களில் நான் இருந்த ஒரு கிளையில் நடந்ததைச் சொல்கிறேன். கறவை மாட்டுக் கடன். மாட்டுக்கு இன்சூரன்ஸ் எடுக்க வேண்டும். படிவத்தில் 'நிறம்' என்று ஒரு கட்டம். விவசாயி 'செவலை மறை' என்றார். நம் பக்கத்தில் அந்த இரண்டு சொல் போதும். செந்நிற மாடு, அங்கங்கே வெள்ளை விழுந்தது. சந்தையில் ஆயிரம் மாட்டுக்கு நடுவிலும் கண்டுபிடித்து விடலாம். படிவத்தை நிரப்பியவர் வெளி மாவட்டத்துக்காரர். 'சிவப்பு' என்று எழுதினார். மறை என்பதற்கு அவரிடம் சொல் இல்லை. ஒரு வருஷம் கழித்து மாடு செத்துப் போனது. காதில் போட்டிருந்த வில்லை எப்போதோ முள்ளில் மாட்டி அறுந்திருந்தது. பார்க்க வந்தவர் படிவத்தைப் பார்த்தார், மாட்டைப் பார்த்தார். இதில் வெள்ளை இருக்கிறது, இது வேறு மாடு என்று எழுதிவிட்டுப் போய்விட்டார்.

அந்த மனிதர் எட்டு மாதம் நடையாய் நடந்தார். வட்டி ஏறிக்கொண்டே இருந்தது. கிராம அதிகாரி கொடுத்த சான்றில் 'செவலை மறை' என்றுதான் இருந்தது, ஆனால் அதைப் படித்துப் பொருள் சொல்ல மேலே ஆள் இல்லை. கடைசியில் நம் பக்கத்துக்காரரான ஒரு கால்நடை டாக்டர், செவலை என்றால் என்ன, மறை என்றால் என்ன என்று ஒரு தாளில் விளக்கமாக எழுதிக் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தார். அதன் பிறகுதான் பணம் வந்தது. ஒரு அகராதி செய்ய வேண்டிய வேலையை அந்த டாக்டர் செய்தார்.

இதே போலத்தான் நிலமும். "எவ்வளவு நிலம்யா இருக்கு?" என்று கேட்டால் ஏக்கர் சொல்ல மாட்டார்கள். 'குறுக்கம்' என்பார்கள், 'இத்தனை மரக்கால் விதைப்பாடு' என்பார்கள். மழையைக் கேட்டால் மில்லிமீட்டர் வராது. 'ஒரு உழவு மழை பேஞ்சிருக்கு' என்று வரும். ஒரு தடவை ஏர் ஓட்டும் அளவுக்கு மண்ணில் ஈரம் இறங்கியிருக்கிறது என்று அர்த்தம். நீங்களே சொல்லுங்கள், சம்சாரிக்கு எது உபயோகமான அளவு? மழைமானியில் விழுந்த தண்ணீரா, மண்ணுக்குள் இறங்கிய ஈரமா? வீட்டில் தெலுங்கு பேசுகிற குடும்பங்கள் எங்கள் பக்கத்தில் நிறைய. அவர்கள் இந்த ஈரப் பக்குவத்தைப் 'பதுனு' என்பார்கள். தமிழ் பேசுகிறவர் 'பதம்' என்பார். ஒரே வரப்பில் நின்று இரண்டு பேரும் இரண்டு சொல்லில் ஒரே மண்ணைப் பிடித்துப் பார்ப்பார்கள்.

இப்படிப்பட்ட பேச்சுக்குப் பள்ளிக்கூடத்தில் நாம் கொடுத்த பெயர் 'கொச்சை'. என் சிறு வயதில் ஒரு பரீட்சையில், 'எங்கள் வீட்டுக்குப் பின்னால் படப்பு இருக்கிறது' என்று எழுதினேன். படப்பைச் சிவப்பு மையில் சுழித்து 'வைக்கோல் போர்' என்று மேலே எழுதியிருந்தது. எங்கள் ஊரில் நெல்லே அபூர்வம், வைக்கோலுக்கு எங்கே போவது? சோளத்தட்டையை அடுக்கினாலும் அது படப்புத்தான். திருத்திய பிறகு அந்த வாக்கியம் பொய்யாகிவிட்டது.

கொச்சை என்று ஒதுக்குகிறோமே, அதில் எத்தனை பழைய சரக்கு இருக்கிறது தெரியுமா? 'மெதுவா'வுக்கு நாம் சொல்லுகிற 'பைய' திருக்குறள் காமத்துப்பாலில் இருக்கிறது. வடக்கே 'ஏரி' என்பதை நாம் 'கண்மாய்' என்கிறோம். மடையும் கலுங்கும் மறுகாலும் கூட வரும், அவை ஒவ்வொன்றும் ஒரு பொறியியல். தொல்காப்பியரே சொற்களை நான்காகப் பிரித்து அதில் 'திசைச்சொல்' என்று ஒரு வகைக்கு இடம் கொடுத்திருக்கிறார். பின்னால் வந்த உரைகாரர்கள் அதைச் செந்தமிழ் நிலத்துக்கு வெளியே தள்ளி வைத்துப் பேசினார்கள் என்பது வேறு கதை.

அகராதி வரலாற்றைக் கொஞ்சம் பார்ப்போம். இத்தாலியிலிருந்து வந்த வீரமாமுனிவர் 1732ல் சதுரகராதி செய்தார். அவரே பேச்சுத் தமிழுக்குத் தனியாக ஒரு இலக்கணமும் லத்தீனில் எழுதி, அது 1738ல் தரங்கம்பாடியில் அச்சேறியது. வெளியிலிருந்து வந்தவருக்குத் தெருவில் பேசுவது புரிய வேண்டியிருந்தது, ஆகவே அதையும் படிக்க வேண்டிய பாடமாக எடுத்துக் கொண்டார். நமக்கு அந்த அவசியம் இல்லை, பிறந்ததிலிருந்தே தெரிகிறதே! அதனால்தான் எழுதி வைக்கவில்லை.

சென்னைப் பல்கலைக்கழகத்தின் தமிழ்ப் பேரகராதி 1924 முதல் 1936 வரை ஆறு தொகுதிகளாக வந்தது; 1939ல் அனுபந்தம். ஒரு லட்சத்துக்கு மேற்பட்ட சொற்கள். எஸ்.வையாபுரிப் பிள்ளை பதிப்பாசிரியராக இருந்து முடித்துக் கொடுத்த மகத்தான வேலை. நம் கல்லூரி நூலகத்தில் அந்தத் தடித்த தொகுதிகளைத் தூக்கிப் பார்த்தவர்கள் இங்கே இருப்பீர்கள். வட்டாரச் சொற்களையும் அதில் சேர்த்திருக்கிறார்கள். ஆனால் பல சொற்களுக்குப் பக்கத்தில் 'உள்ளூர் வழக்கு' என்ற பொருளில் ஒரு சிறு குறி மட்டும் இருக்கும். எந்த உள்ளூர்? தஞ்சாவூரா, திருநெல்வேலியா, திருச்சுழியா? அந்தக் குறி சொல்லாது. விலாசம் இல்லாத கடிதம் மாதிரி. 1992ல் வந்த க்ரியாவின் தற்காலத் தமிழ் அகராதி சிறப்பான அகராதி, 2008லும் 2020லும் விரிவாக்கி வந்திருக்கிறது. அது முக்கியமாக இன்றைய எழுத்துத் தமிழுக்கானது. ஒரு சம்சாரியின் வாயிலிருந்து எழுத்துக்கு வராமலே போகிற சொல்லை அதில் தேடுவது நியாயமில்லை.

இந்த இடத்தில்தான் கி.ராஜநாராயணனைக் கும்பிட வேண்டும். கோவில்பட்டிக்கு அருகில் இடைசெவல் அவர் ஊர். வீட்டு மொழி தெலுங்கு. பள்ளிப் படிப்பை முடிக்காதவர், விவசாயி. 1982ல் அவர் வெளியிட்ட கரிசல் வட்டார வழக்குச் சொல்லகராதிதான் தமிழில் ஒரு வட்டாரத்துக்கென்றே பிறந்த முதல் அகராதி என்று சொல்கிறார்கள். ஒரு பல்கலைக்கழகம் ஆள் வைத்து, கட்டடம் கட்டிச் செய்ய வேண்டியதை ஒரு சம்சாரி தன் சேக்காளிகளைச் சேர்த்துக்கொண்டு செய்தார். வீட்டில் ஒரு மொழி, தெருவில் ஒரு மொழி என்று வளர்ந்தவருக்குத் தெருவில் விழுகிற சொல் கொஞ்சம் கூடுதலாகக் கேட்கும் என்பது என் எண்ணம். நமக்குப் பழகிப் போனது அவருக்குப் புதுசாகவே இருந்திருக்கும்.

பிறகு காலம் மாறியது. 1991ல் 'கோபல்லபுரத்து மக்கள்' நாவலுக்காக அவருக்குச் சாகித்திய அகாதெமி பரிசு கிடைத்தது. புதுவைப் பல்கலைக்கழகம் அவரை வருகைதரு பேராசிரியராக அழைத்துக் கொண்டது. 2021 மே 17ஆம் தேதி மறைந்தபோது தமிழக அரசு அரசு மரியாதையோடு அடக்கம் செய்தது. அவர் போட்ட தடத்தில் பெருமாள்முருகன் 2000த்தில் கொங்கு வட்டாரத்துக்கும், கண்மணி குணசேகரன் 2007ல் நடுநாட்டுக்கும் சொல்லகராதி செய்தார்கள். அ.கா.பெருமாள் நாஞ்சில் வட்டாரத்துக்குச் செய்தார். கவனியுங்கள், பெரும்பாலும் எழுத்தாளர்கள், தனி மனிதர்கள், சொந்தக் கைக்காசு, சொந்தக் கால்.

இது நமக்கு மட்டும் வந்த கஷ்டமா என்றால், இல்லை. என் அண்ணன் பேரன் ஸ்காட்லாந்தில் அபர்தீனில் வேலை பார்க்கிறான். போன தடவை வரும்போது, "தாத்தா, உங்க நோட்டுக்கு ஒரு சேக்காளி கொண்டாந்திருக்கேன்" என்று ஒரு புத்தகம் கொடுத்தான். ஸ்காட்ஸ் மொழி அகராதி. அங்கே கேலிக் என்று ஒரு மொழி உண்டு, அது வேறு. ஸ்காட்ஸ் என்பது ஆங்கிலத்தின் உடன்பிறப்பு மாதிரி. ஆகவே "இது என்ன மொழி, கெட்டுப்போன இங்கிலீஷ்தானே" என்று இருநூறு வருஷத்துக்கு மேலாகச் சொல்லிக் கொண்டிருந்தார்கள். அங்கேயும் மழைக்குச் சொல் உண்டு. நசநசவென்று இருண்டு கிடக்கிற நாளுக்கு 'ட்ரீக்', மாவு சலித்த மாதிரி விழுகிற தூத்தலுக்கு 'ஸ்மர்', கீழைக் கடலிலிருந்து ஏறி வருகிற பனிமூட்டத்துக்கு 'ஹார்'. நாம் வராத மழைக்குச் சொல் வைத்திருக்கிறோம், அவர்கள் விடாத மழைக்கு வைத்திருக்கிறார்கள்.

ஜான் ஜேமிசன் என்ற ஒரு பாதிரியார் 1808ல் எடின்பரோவில் இரண்டு தொகுதிகளாக முதல் பெரிய ஸ்காட்ஸ் அகராதியைக் கொண்டு வந்தார். அவருக்கும் முதலில் அது தனி மொழி என்ற எண்ணம் இல்லையாம். ஐஸ்லாந்தில் பிறந்த தோர்க்கலின் என்ற அறிஞர் வந்து, நீங்கள் கொச்சை என்று நினைக்கிற இந்தச் சொல்லெல்லாம் எங்கள் ஊரிலும் இருக்கிறது என்று பட்டியல் காட்டிய பிறகுதான் ஜேமிசன் தேட ஆரம்பித்தார். இருபதாம் நூற்றாண்டில் வேலை பெரிதானது. ஸ்காட்டிஷ் தேசிய அகராதி 1931ல் தொடங்கி 1976ல் பத்துத் தொகுதிகளாக முடிந்தது. பழைய ஸ்காட்ஸுக்கான அகராதி அதே 1931ல் தொடங்கி, 12 தொகுதிகளாக 2002ல் முடிந்தது. எழுபது வருஷம்! தொடங்கியவர் யாரும் முடிவைப் பார்த்திருக்க மாட்டார்கள். 2004ல் இரண்டையும் சேர்த்துக் கணினியில் யாரும் காசில்லாமல் பார்க்கும்படி வைத்து விட்டார்கள். பள்ளிப் பிள்ளைகளுக்கென்று இரண்டு பக்கமும் திருப்பிப் பார்க்கிற சிறிய அகராதி ஒன்று 1996ல் வந்தது. 2025ல் ஸ்காட்லாந்து நாடாளுமன்றம் கேலிக்குக்கும் ஸ்காட்ஸுக்கும் அதிகாரபூர்வ அந்தஸ்து கொடுத்துச் சட்டமே நிறைவேற்றியது.

அங்கே இன்னொரு வேடிக்கை. ராபர்ட் பர்ன்ஸ் என்ற கவிஞரின் ஸ்காட்ஸ் கவிதைகளை ஜனவரி மாதத்தில் பிள்ளைகளை நிறுத்தி ஒப்பிக்கச் சொல்லுவார்களாம். அந்தக் காலத்தில் மறுநாள் வகுப்பில் அதே பேச்சைப் பேசினால் அடி விழுமாம். சிரிக்காதீர்கள். கி.ரா. கதையைப் பாடமாக வைத்து, அதில் வட்டார வழக்கின் சிறப்பை விளக்குக என்று பத்து மார்க் கேள்வி கேட்கிறோம். பதில் எழுதுகிற பையன் 'எங்கிட்டு' என்று எழுதினால் ஒரு மார்க் குறைக்கிறோம். எழுத்தில் பொதுத்தமிழ் வேண்டும் என்பதில் எனக்குச் சந்தேகமே இல்லை. சென்னையிலும் யாழ்ப்பாணத்திலும் சிங்கப்பூரிலும் படிக்க ஒரு தமிழ் வேண்டாமா? நான் கேட்பது, இன்னொரு சொல்லைத் தப்பு என்று சொல்லாதீர்கள், 'இது வீட்டுச் சொல், இது ஏட்டுச் சொல்' என்று இரண்டையும் சொல்லிக் கொடுங்கள் என்பதுதான். அதற்குத்தான் இரண்டு பக்கமும் பார்க்கிற அகராதி. ஒரு பக்கம் சொளகு, எதிரே முறம். ஒரு பக்கம் குலுக்கை, எதிரே குதிர். பிள்ளைக்கும் உதவும், வெளியூரிலிருந்து மாற்றலாகி வருகிற வாத்தியாருக்கும், டாக்டருக்கும், வங்கிக்காரருக்கும் உதவும்.

டாக்டர் என்றதும் ஞாபகம் வருகிறது. 'மேலுக்குச் சொகமில்ல' என்றால் நமக்கு உடம்பு முழுக்க. வெளியூர் டாக்டர் மேலே எங்கே என்று கேட்பார். எங்கள் தெருவில் தொண்ணூறை நெருங்கும் ஒரு அப்பத்தா. நான் நோட்டும் கையுமாகப் போய், வலிக்கு என்னென்ன சொல் என்று கேட்டேன். "ஏய்யா, படிச்ச புள்ளதானா நீ? குடைச்சலும் உளைச்சலும் ஒண்ணாய்யா? குடைச்சல் மூட்டுக்குள்ள. உளைச்சல் நாளெல்லாம் களைவெட்டிட்டு வந்து காலு அசந்து வாரது. கடுப்பு முள்ளு ஏறுன எடத்துல. காந்தல் தோல்ல, மொளகா வத்தல் அள்ளுன கைய்க்குத் தெரியும்." ஒரே மூச்சில் நான்கு நோய்க்குறி சொல்லிவிட்டது. இத்தனையையும் நாம் 'பெயின்' என்ற ஒரே சொல்லில் அடைத்துவிட்டு, டாக்டருக்கு நம்மைப் புரியவில்லை என்கிறோம்.

கி.ரா. அகராதி இருக்கிறதே, பிறகென்ன என்று கேட்கலாம். அது கோவில்பட்டிப் பக்கத்துக் காதால் கேட்ட கரிசல். நம்முடையது கொஞ்சம் வேறு. அருப்புக்கோட்டையில் தறி இருக்கிறது. பாவு, ஊடை, நாடா, தார் சுத்துறது என்று அதற்கொரு தனி உலகம். கன்னடம் பேசுகிற தேவாங்கர் வீடுகளில் அந்தச் சொற்கள் எப்படி ஒலிக்கின்றன என்று அந்த வீட்டுப் பிள்ளைகள்தான் எழுத முடியும். திருச்சுழிப் பக்கம் கரிமூட்டம் இருக்கிறது. வேலிக்கருவை அமெரிக்கக் கண்டத்திலிருந்து வந்த செடி. நமக்கு அது வேலிக்கருவை, அரசுக் காகிதத்தில் சீமைக்கருவேல், வேறு மாவட்டத்தில் வேலிக்காத்தான். அது வந்த பிறகுதான் நம் ஆட்கள் மூட்டம் போடுகிறதற்கும் பிரிக்கிறதற்கும் தூர்க்கட்டை தோண்டுகிறதற்கும் இத்தனை பேச்சு உண்டாக்கினார்கள். வட்டாரச் சொல் என்றால் பாட்டன் காலத்துச் சொல் மட்டும் என்று நினைக்க வேண்டாம். பிழைப்பு எங்கே இருக்கிறதோ அங்கே சொல் முளைக்கும்.

பிழைப்புப் போனால் சொல்லும் போகும். கமலை இறைத்த கடைசித் தலைமுறை நானும் என் வயதுக்காரர்களும் கண்ணால் பார்த்தது. கூனை, அதில் தைத்த தோல் வால், வடம், வால்கயிறு, உருளை. கரண்டு மோட்டார் வந்ததும் மாடு நின்றது. அந்த ஐந்து சொல்லையும் என் மகனிடம் கேட்டேன். வடம் என்றால் தேர்வடம் என்றான். கோவில்பட்டி ஆராய்ச்சிப் பண்ணை 1901லிருந்து இருக்கிறது. 'கருங்கண்ணி' என்று நம் சம்சாரி பருத்திக்கு வைத்த பெயர் அங்கே ஆராய்ச்சிக் கட்டுரைகளில் ஏறிவிட்டது, அதனால் பிழைத்தது. கூனைக்கு அப்படி ஒரு ஆராய்ச்சியாளர் கிடைக்கவில்லை.

இனி மாணவர்களுக்கு. சேகரிப்பது பெரிய வித்தை இல்லை, ஆனால் ஒழுங்காகச் செய்ய வேண்டும். ஒரு சொல்லுக்கு ஒரு அட்டை. சொல்லை அவர்கள் வாயில் வருகிறபடியே எழுதுங்கள், 'மம்பட்டி' என்றால் மம்பட்டி. மண்வெட்டி என்று நீங்களாகத் திருத்தாதீர்கள். பொருள் எழுதுங்கள். அதைவிட முக்கியம், அவர்கள் அந்தச் சொல்லை வைத்துப் பேசிய ஒரு வாக்கியம். வாக்கியம் இல்லாத சொல் செத்த பூச்சியைக் குத்தி வைத்த மாதிரி. ஊர், தேதி, சொன்னவர் என்ன தொழில், உத்தேச வயது. வீட்டு மொழி தமிழா, தெலுங்கா, கன்னடமா என்பதும் வேண்டும். பெயர் போடுவது அவர் சம்மதித்தால் மட்டும்.

"இதுக்கு என்ன பேரு" என்று கேட்டு வாங்குவது பாதிதான் கிடைக்கும். கேட்டால் உங்களுக்காக நாகரிகமாக மாற்றிச் சொல்லுவார்கள். கூடப் போய் வேலை செய்யுங்கள். களத்தில் பொலி தூத்தும்போது, தொழுவில் சாணி அள்ளும்போது, பாவு ஓடும்போது தானாக விழும். கைபேசியில் பதிவு செய்யலாம், சொல்லிவிட்டுச் செய்யுங்கள். வசவுச் சொல் வந்தாலும் எழுதுங்கள். அகராதி நல்ல பிள்ளையாக இருக்க வேண்டும் என்று எந்தச் சட்டமும் இல்லை. நம் ஆட்களின் கற்பனைத் திறன் வைவதில்தான் உச்சத்தில் இருக்கும், இதை முன்வரிசைப் பெரியவர்கள் மன்னிக்க வேண்டும்.

இன்னொன்றையும் சொல்லியாக வேண்டும். இங்கே படிக்கிற பிள்ளைகள் பலர் கிராமத்திலிருந்து பஸ் பிடித்து வருகிறீர்கள். வகுப்பில் வாய் திறக்கக் கூச்சம். பேசினால் சிரிப்பார்கள் என்ற பயம். எங்கள் காலத்திலும் இருந்தது. இந்த வேலையில் அந்தக் கணக்குத் தலைகீழ். மதுரையில் வளர்ந்த பிள்ளை பத்து அட்டை நிரப்பத் திணறும்போது நரிக்குடிப் பக்கத்துப் பிள்ளை நூறு அட்டை கொண்டு வரும்.

ஓய்வு பெற்ற பிறகு நான் எழுதிய மூன்று நோட்டுகளை நூலகத்தில் கொடுத்திருக்கிறேன். யார் வேண்டுமானாலும் எடுத்துப் பார்க்கலாம், அடித்துத் திருத்தலாம். பழைய மாணவர்களான நாம் அச்சுச் செலவைப் பங்கு போட்டுக் கொள்ளலாம் என்று சங்கத் தலைவரிடம் பேசியிருக்கிறேன், அவர் முகத்தைப் பார்த்தால் சம்மதம் மாதிரித்தான் தெரிகிறது. முதலில் மாடு, மழை, வலி, தறி என்று நான்கு தலைப்பு மட்டும் எடுத்துக் கொள்வோம். ஒரே தடவையில் எல்லாம் என்று இறங்கினால் ஸ்காட்லாந்து மாதிரி எழுபது வருஷம் ஆகும், எனக்கு அவ்வளவு அவகாசம் இல்லை.

வெற்று அட்டைகள் சாப்பாட்டுக் கூடத்து வாசலில் மேசை மேல் இருக்கின்றன. ஆளுக்கு இருபது எடுத்துக் கொள்ளுங்கள். தை மாதம் பொங்கல் விடுமுறைக்கு ஊருக்குப் போகும்போது நிரப்பி, கல்லூரி திறந்ததும் தமிழ்த்துறையில் கொடுத்து விடுங்கள். சாப்பாட்டு மணி அடித்து விட்டார்கள்.